மலிகாவின் பம்பு

தண்டையார்பேட்டை
13 மார்ச் 2025

ஃபர்ஹான்,

அஸ்ஸலாமு அலைக்கும். 'அன்புள்ள' என்று எழுதக் கை வரவில்லை, எழுதவில்லை.

இந்தக் காலத்தில் யார் கடிதம் எழுதுகிறார்கள் என்று நினைப்பீர்கள். நான் கூப்பிட்டால் நீங்கள் போனை எடுப்பதில்லை. போன வாரம் அழுதுகொண்டே உங்களுக்கு ஒரு வாய்ஸ் அனுப்பினேன். உங்கள் தங்கை ரூபினா அதை உங்கள் போனிலிருந்து எடுத்துக் குடும்ப குரூப்பில் போட்டுவிட்டாள். என் இழுப்புச் சத்தத்தைக் கேட்டுவிட்டு உங்கள் சித்தி மகன் 'ரயிலு வருது, ஒதுங்கு' என்று எழுதியிருக்கிறான். நீங்களும் அந்தக் குரூப்பில்தான் இருக்கிறீர்கள். இனி என் மூச்சை உங்கள் வீட்டுக்கு அனுப்புவதாக இல்லை. எழுத்துக்கு இழுப்பு வராது. அதனால்தான் உங்கள் கன்டெய்னர் யார்டு முகவரிக்குக் கூரியரில் இது.

நடந்ததை வரிசையாக எழுதுகிறேன். உங்களுக்கு மறந்திருக்கும். மறப்பது உங்களுக்கு வசதி.

நோன்பு தொடங்கிய வாரம். பரணிலிருந்து பழைய பாய், தலையணைகளை இறக்கித் தட்டச் சொன்னார் மாமி. தட்டினேன். அன்று மணலி ரிஃபைனரிப் பக்கமிருந்து காற்று. திருவொற்றியூரில் உங்கள் தெருவே மூக்கைப் பொத்திக்கொண்டு கிடந்தது. தூசியும் அந்த நாற்றமும் சேர்ந்து நெஞ்சு இறுகிவிட்டது. பேச்சு வரவில்லை. சமையலறைக் கதவுக்குப் பின்னால் நின்று நீல இன்ஹேலர் பம்பை வாயில் அடித்தேன். மாமி பார்த்துவிட்டார்.

"இன்னாடி அது? நோன்பு வெச்சிகினு வாயில இன்னாத்த அடிச்சிகினு கீற?"

ரூபினா என் கைப்பையைக் கட்டிலில் கொட்டினாள். ஆரஞ்சுப் பம்பும் விழுந்தது. "ரெண்டு வெச்சிகீறாம்மா! வீசிங் கேஸத் தள்ளிவுட்டுட்டாங்க நம்ம தலையில!"

நோன்பில் பம்பு அடிக்கலாமா கூடாதா என்பதில் ஆலிம்களுக்குள்ளேயே இரண்டு கருத்து உண்டு. முறிந்தது என்றே வைத்துக்கொள்ளுங்கள். நோயாளி பின்னால் ஈடு செய்ய மார்க்கம் வழி விட்டிருக்கிறது. உங்கள் வீடு விடவில்லை.

அதெல்லாம்கூடப் போகட்டும். சாயங்காலம் நீங்கள் வந்தீர்கள். வாசலிலேயே மாமி கேட்டார், "இவளுக்கு இந்தச் சீக்கு கீதுன்னு உனுக்குத் தெரியுமாடா?" நீங்கள் குனிந்து ஷூ கயிற்றை அவிழ்த்துக்கொண்டே சொன்னீர்கள்: "எனுக்கு இன்னாமா தெரியும்?"

நிச்சயம் ஆன மறுவாரம் டோல்கேட் ஜூஸ் கடையில் உட்கார்ந்து, சின்ன வயதிலிருந்தே எனக்கு ஆஸ்துமா என்று நான் யாரிடம் சொன்னேன்? "இதுல இன்னா கீது மலிகா? இந்த ஊர்ல யாருக்கு வீசிங் இல்ல? அம்மாவாண்ட மட்டும் இப்ப சொல்லாத. நா பாத்துக்கறேன்" என்றது யார்?

நன்றாகப் பார்த்துக்கொண்டீர்கள். மாமி போன் செய்து வரச் சொல்ல, அன்று ராத்திரியே என் அத்தா ஆட்டோ வைத்து என்னைக் கூட்டிவந்தார்.

எனக்கு ஒன்றே ஒன்று வேண்டும். மாமியிடம் உண்மையைச் சொல்லுங்கள். வேறெதுவும் கேட்கவில்லை.

மலிகா


திருவொற்றியூர்
17 மார்ச் 2025

அன்புள்ள மலிகா,

வ அலைக்கும் ஸலாம். உன் கடிதத்தை யார்டில் கிரேன் நிழலில் நின்று படித்தேன். ரூபினா செய்தது தப்புதான். அவளைக் கண்டித்தேன். அந்த வாய்ஸையும் அழிக்கச் சொல்லிவிட்டேன்.

நீ நினைப்பதுபோல நான் கல் நெஞ்சுக்காரன் இல்லை. அந்த நேரத்தில் அம்மா இருந்த இருப்பில் எதைச் சொன்னாலும் வீடு இரண்டாகியிருக்கும். நோன்பு மாதம் முடியட்டும். பெருநாள் கழித்துப் பொறுமையாகப் பேசிக்கொள்ளலாம்.

ஒரு யோசனை சொல்கிறேன், கோபப்படாமல் படி. எண்ணூரில் ஒருவர் பொடி கொடுக்கிறாராம். தேனில் குழைத்துச் சாப்பிட்டால் இழுப்பு வேரோடு போய்விடும் என்று மஹீன் மாமா சொல்கிறார். பம்பு பழகிவிட்டால் அப்புறம் விடவே முடியாது, நுரையீரல் அதற்கே அடிமையாகிவிடும் என்கிறார்கள். அம்மாவுக்கும்தான் இளைப்பு உண்டு. உனக்கே தெரியும். மெடிக்கலில் ஒரு பொட்டலம் மாத்திரை வாங்கித் தினமும் போடுகிறார், நின்றுவிடுகிறது. அவர் என்ன பம்பா அடிக்கிறார்?

பம்பை விட்டுவிட்டேன் என்று நீ ஒரு வார்த்தை சொன்னால் போதும். பெருநாளுக்கு முன்பே வந்து உன்னைக் கூட்டிக்கொள்கிறேன். வீடு வெறிச்சென்று இருக்கிறது.

உன்
ஃபர்ஹான்


தண்டையார்பேட்டை
20 மார்ச் 2025

ஃபர்ஹான்,

பம்பை விட்டுவிட்டேன் என்று நான் சொல்ல வேண்டுமா? உங்கள் வீட்டில் இருந்தவரை விட்டுத்தானே வைத்திருந்தேன்!

இதைக் கேளுங்கள். நீலப் பம்பு மூச்சு முட்டும்போது அடிப்பது. இறுகிய குழாயை உடனே விரிக்கும், அவ்வளவுதான். ஆரஞ்சுதான் உண்மையான மருந்து. உள்ளே இருக்கும் வீக்கத்தை அது தணித்து வைக்கும். காலையும் மாலையும், மூச்சு நன்றாக இருக்கிற நாளிலும் எடுக்க வேண்டும். எடுத்ததும் வாய் கொப்பளிக்க வேண்டும், இல்லாவிட்டால் வாயில் புண் வரும். கல்யாணமான புதிதில் விடியற்காலையில் கொப்பளித்தேன். "புது மருமக வாந்தி எடுக்கிறா, விசேஷமா?" என்று உங்கள் அம்மா பக்கத்து வீட்டில் சொல்லிவிட்டு வந்தார். இல்லை என்று தெரிந்ததும், "அப்புறம் இன்னாத்துக்குத் தெனம் கொப்புளிக்கிற?" என்று கேட்டார். பதில் சொல்ல எனக்கு அனுமதி இல்லை, நீங்கள்தான் வாயைக் கட்டியிருந்தீர்களே. ஆரஞ்சை நிறுத்தினேன். நீலத்தை மட்டும் குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு அடித்துக்கொண்டிருந்தேன். முதலில் எப்போதாவது. பிறகு தினமும். பாய் தட்டிய அன்று நெஞ்சு அடைத்ததில் என்ன ஆச்சரியம்?

நேற்று என் டாக்டரிடம் போனேன். ஊதச் சொல்லி அளந்து பார்த்தார். "உன்ன யாரும்மா நிறுத்தச் சொன்னது? இன்னும் கொஞ்ச நாள் இப்படியே போயிருந்தா ஐசியூதான்" என்றார். தலையைக் குனிந்துகொண்டேன். நான் எதற்குக் குனிய வேண்டும்? குனிய வேண்டியவர் யார்டில் கிரேன் நிழலில் அல்லவா நிற்கிறார்!

கண்ணுக்குக் கண்ணாடி போடுகிறவரைக் கண்ணாடிக்கு அடிமை என்று யாராவது சொல்கிறார்களா?

அந்தப் பொடி உங்கள் மாமாவுக்கே இருக்கட்டும். இப்போது மாமியின் மாத்திரைக்கு வருகிறேன். இது வஞ்சத்தில் எழுதுவது இல்லை. அந்தப் பொட்டலத்தை ஒருநாள் எடுத்துப் பார்த்தேன். அதில் இருக்கிற குட்டி வெள்ளை மாத்திரை, சின்ன வயதில் எனக்கும் கொடுத்ததுதான், ஸ்டெராய்டு. என் ஆரஞ்சுப் பம்பில் இருப்பதும் அதே இனம்தான். ஆனால் பம்பில் வருவது துளி, நேராக நுரையீரலுக்குப் போகிறது. மாமி விழுங்குவது உடம்பு முழுக்க ஓடுகிறது. அவர் முகம் இப்படி ஊதியிருப்பதும், சர்க்கரை ஏறியதும், லேசாக இடித்தாலே கை கன்றிப்போவதும் எதனால் என்று யாராவது கேட்டீர்களா? நெஞ்சு டாக்டரிடம் கூட்டிப்போங்கள். நீங்களாக மட்டும் எதையும் நிறுத்திவிடாதீர்கள். வருஷக்கணக்கில் சாப்பிட்டதைத் திடீரென்று நிறுத்தினால் ஆபத்து, டாக்டர்தான் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைக்க வேண்டும்.

நான் கேட்ட ஒன்றுக்கு உங்கள் கடிதத்தில் பதிலே இல்லை.

மலிகா


திருவொற்றியூர்
3 ஏப்ரல் 2025

மலிகா,

பெருநாள் போனது. புதுச் சட்டைகூடப் போடவில்லை.

அம்மாவை ஏன் இதில் இழுக்கிறாய் என்று முதலில் கோபம் வந்தது. அதைப் பிறகு பேசிக்கொள்ளலாம். இப்போது தலைக்கு மேல் வேறொன்று. நோயை மறைத்துக் கல்யாணம் செய்துவைத்தார்கள் என்று மஹீன் மாமா ஜமாஅத்தில் எழுதிக் கொடுத்துவிட்டார். வருகிற 13ஆம் தேதி, ஞாயிறு, பள்ளிவாசல் அலுவலகத்தில் இரண்டு வீட்டாரும் உட்கார வேண்டும். உன் அத்தாவுக்கும் தகவல் வந்திருக்கும். பிரித்துவிடும் பேச்சும் அடிபடுகிறது. அதில் எனக்குச் சம்மதம் இல்லை. சத்தியமாக இல்லை.

முடிந்தால் எனக்காக ஒன்று செய். அந்த ஜூஸ் கடைப் பேச்சை அங்கே எடுக்காதே. நீ சொல்லியும் நான் மறைத்தேன் என்று தெரிந்தால் அம்மா என் முகத்தில் விழிக்க மாட்டார். 'சொல்ல வேண்டும் என்று தோன்றவில்லை, தப்புதான்' என்று நீயும் உன் அத்தாவும் ஒரு வார்த்தை சொல்லிவிட்டால், அங்கேயே பெரியவர்கள் சமாதானம் செய்துவைப்பார்கள். நானும் உடனே உன்னைக் கூட்டிவந்துவிடுவேன். ஒரு வார்த்தைதானே?

ஃபர்ஹான்


தண்டையார்பேட்டை
6 ஏப்ரல் 2025

ஃபர்ஹான்,

ஒரு வார்த்தைதான். அதை நீங்கள் சொல்லுங்களேன்!

உங்கள் பொய்யை என் அத்தாவின் வாயில் வைக்கப் பார்க்கிறீர்கள். அவர் வண்ணாரப்பேட்டையில் ஸ்டவ் ரிப்பேர் கடை வைத்திருக்கிறார். பர்னர் போனது என்றால் போனது என்பார், இருந்தால் இருக்கிறது என்பார். மாப்பிள்ளைக்குத் தெரியும் என்று நான் சொன்ன பிறகுதான் அவர் நிக்காஹ்வுக்குத் தேதி குறித்தார். அவரைத்தான் பெரியவர்கள் முன்னால் 'தப்புதான்' என்று சொல்லச் சொல்கிறீர்கள்.

ஞாயிறு வருவேன். கேட்டால் உள்ளதைச் சொல்வேன். நீங்களும் அங்கேதான் இருப்பீர்கள். அன்றைக்காவது நிமிர்ந்து உட்காருங்கள்.

மலிகா


தண்டையார்பேட்டை
15 ஏப்ரல் 2025

ஃபர்ஹான்,

இனி உங்களுக்கு எழுதக் கூடாது என்றுதான் இருந்தேன். ஆத்திரம் அடங்கவில்லை.

நான் சொன்னேன். நிக்காஹ்வுக்கு முன்பே இவரிடம் சொல்லிவிட்டேன் என்று, அத்தனை பேர் முன்னால், குரல் நடுங்காமல். ஜமாஅத் தலைவர் உங்கள் பக்கம் திரும்பி, "உண்மையா தம்பி?" என்று கேட்டார். நீங்கள் என்னைப் பார்த்தீர்கள். மஹீன் மாமாவைப் பார்த்தீர்கள். பிறகு, "ஞாபகம் இல்ல" என்றீர்கள்.

ஞாபகம் இல்லை!

உங்கள் மாமா சிரித்தார். "பொண்ணு நல்லா கத வுடுது பாய்." அப்போது என் அத்தா எழுந்து நின்றார். மகளைப் பொய்க்காரி என்று சொல்வதைக் கேட்டுக்கொண்டு உட்கார முடியாமல்தான் எழுந்தார். கைகூப்பி, "எம் பொண்ணு பொய் சொல்லாது" என்று மட்டும் சொன்னார். அதை நீங்கள் பார்த்தீர்கள். நான் நீங்கள் பார்ப்பதைப் பார்த்தேன்.

பெரியவர்கள் முடிவைத் தள்ளிவைத்து அனுப்பிவிட்டார்கள். வீட்டுக்கு வந்ததும் அத்தா, "வேலைக்குத் திரும்பிப் போறியாம்மா?" என்று மட்டும் கேட்டார். ராயபுரம் கஸ்டம்ஸ் கிளியரிங் ஏஜென்ட் ஆபீஸில் நான் விட்ட இடம் இன்னும் காலியாகத்தான் இருக்கிறதாம். அங்கே என் மேலாளராக இருந்த ஐரீன் மேடம் நாளையே வா என்கிறார். பம்பை என் மேஜைமேல், பேனா ஸ்டாண்டு பக்கத்தில் வைத்துக்கொள்ளப் போகிறேன். அங்கே யாரும் கேட்க மாட்டார்கள்.

எனக்கு ஆஸ்துமா. அதற்கு மருந்து இருக்கிறது, எடுத்துக்கொண்டால் நான் ஓடவும் செய்வேன். உங்களுக்கு இருப்பதற்கு எந்தக் கடையிலும் மருந்து இல்லை.

மலிகா


திருவொற்றியூர்
29 ஏப்ரல் 2025

மலிகா,

இதைப் படிக்காமல் கிழித்துப் போட்டாலும் நீ செய்வது சரிதான். ஆனால் அம்மாவைப் பற்றி உனக்குத் தெரிய வேண்டும்.

அந்த ஞாயிற்றுக்கிழமைக்குப் பிறகு எனக்குத் தூக்கமே இல்லை. ஏதாவது ஒரு நல்லது செய்ய வேண்டும் என்று தோன்றியது. உன் பழைய கடிதத்தை எடுத்தேன். அம்மாவின் முகம் வீங்கியிருப்பது அந்த வெள்ளை மாத்திரையால் என்று நீ எழுதியிருந்ததைப் படித்தேன். அம்மாவிடம் சொன்னால் சண்டை வரும். அதனால் மெடிக்கல் ஞானதுரை அண்ணனிடம் போய், பொட்டலத்தில் அதை மட்டும் போட வேண்டாம் என்று சொல்லிவிட்டு வந்தேன். அம்மாவுக்குத் தெரியாது.

கொஞ்ச நாளில் அம்மா சோர்ந்து போனார். பிறகு வாந்தி. சாப்பாடு இறங்கவில்லை. போன வியாழன் காலை மாடிப்படியில் சரிந்துவிட்டார். இழுப்பும் சேர்ந்துகொண்டது. ஆட்டோவில் ஸ்டான்லி அரசு ஆஸ்பத்திரி வரை போகப் பயந்து, வழியில் இருந்த தனியார் ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். பிரஷர் எக்கச்சக்கமாக இறங்கியிருந்தது. டாக்டரம்மா கேட்டார், "தெனம் சாப்பிட்டுகிட்டு இருந்த மாத்திரை எதையாவது நிறுத்தினீங்களா? சீக்கிரம் சொல்லுங்க." ரூபினா இல்லை என்றாள். மாமா இல்லை என்றார். நான் அங்கேதான் நின்றேன். "தெரியாம மருந்து குடுக்க முடியாது" என்றார் டாக்டர்.

சொன்னேன். நான்தான் நிறுத்தினேன், ஸ்டெராய்டு என்று சொன்னேன். உடனே ஊசி போட்டார்கள். சாயங்காலத்துக்குள் அம்மா கண் திறந்தார். இன்னும் கொஞ்சம் தாமதமாகியிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று டாக்டர் சொன்னதை எழுத முடியவில்லை.

மறுநாள் அம்மா கேட்டார், "எதுக்குடா அத்த நிறுத்துன?" மலிகா எழுதியிருந்தாள் என்றேன். அதோடு நிற்காமல் மீதியையும் சொன்னேன். ஜூஸ் கடை, நான் மறைக்கச் சொன்னது, பள்ளிவாசலில் ஞாபகம் இல்லை என்றது, எல்லாம். மஹீன் மாமா கதவைத் திறந்துகொண்டு வெளியே போய்விட்டார். அம்மா சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டார். இன்றுவரை என்னிடம் பேசவில்லை.

மாத்திரையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் குறைப்பார்களாம். இனி அம்மாவுக்கும் தினம் இரண்டு வேளை பம்பு. தொட மாட்டேன் என்கிறார். நீ வந்து சொன்னால் கேட்பாரோ என்னவோ. வா என்று கேட்க எனக்கு வாய் இல்லை.

ஃபர்ஹான்


தண்டையார்பேட்டை
4 மே 2025

ஃபர்ஹான்,

நேற்று ஆபீஸிலிருந்து நேராக ஆஸ்பத்திரிக்குப் போனேன். நீங்கள் யார்டில் இருக்கும் நேரம் பார்த்துத்தான் போனேன்.

அதற்கு முன்னால் இது. 'நீங்களாக நிறுத்தாதீர்கள்' என்று அதே கடிதத்தில், அதே பத்தியில் எழுதியிருந்தேன். ஒரு பெண் எழுதியதைக் கடைசி வரி வரை படிக்கப் பொறுமை இல்லாமல் பெற்ற தாயைச் சாவின் வாசல் வரை கொண்டுபோய் விட்டிருக்கிறீர்கள். சண்டைக்குப் பயந்து நீங்கள் மறைப்பதெல்லாம் யாராவது ஒரு பெண்ணின் நெஞ்சில் போய்த்தான் அடைக்கிறது. முதலில் நான், இப்போது அவர்.

மாமி என்னைப் பார்த்ததும் எழுந்து உட்கார்ந்தார். மன்னிப்பு ஒன்றும் கேட்கவில்லை. எடுத்ததும் கோபம்தான்.

"நீ ஏன்டி என்னாண்ட நேரா சொல்லல?"

"உங்க புள்ளதான் வேணாம்னாரு மாமி."

"அவன் சொன்னா? நீதான மூச்சு வுடுற, அவனா வுடுறான்?"

சுருக்கென்று தைத்தது, சரியான இடத்தில்தான் தைத்தது. ஆனால் சும்மா இருக்கவும் முடியவில்லை. "சொல்லியிருந்தா மட்டும் கட்டி வெச்சிருப்பீங்களா?" என்று கேட்டேன். "மாட்டேன்" என்றார். "சத்தியமா மாட்டேன். அது என் தப்பு. ஆனா என் தப்ப நா தப்புன்னு தெரிஞ்சிகினு செஞ்சிருப்பேன். இவன் என்னயப் பொய்யில நிக்க வெச்சி உன்ன வெரட்ட வெச்சிட்டான்."

அப்புறம் பம்பைக் கையில் எடுத்துக்கொண்டு என்னை முறைத்தார். நர்ஸ் சொல்லித் தந்தபடி அடித்தால் மருந்து தொண்டையிலேயே நின்றுவிடுகிறதாம். குலுக்கச் சொன்னேன். முதலில் மூச்சை முழுக்க வெளியே விட்டு, அழுத்தும்போதே மெதுவாக உள்ளே இழுத்து, அப்படியே பிடித்து வைக்கச் சொன்னேன். முதல் தடவை இருமினார், இரண்டாவது தடவை என்னைத் திட்டினார். மூன்றாவது தடவை சரியாகப் போனது. பக்கத்துக் கட்டில் அம்மாள் வேடிக்கை பார்க்க, "இன்னாமா பாக்குற? மருந்து" என்றார். பிறகு பேசினில் போய்ச் சத்தமாகக் கொப்பளித்தார்.

புறப்படும்போது, "வூட்டுக்கு வா" என்றார். வருகிறேன் என்று சொல்லியிருக்கிறேன், அவரைப் பார்க்க. உங்களோடு வாழ வருவேனா என்பது வேறு.

ஆஸ்பத்திரியில், டாக்டர் நெருக்கியதால் நீங்கள் உண்மை சொன்னீர்கள். என் அத்தா கைகூப்பி நின்றது ஆஸ்பத்திரியில் இல்லை. எங்கே அவர் நின்றாரோ அங்கே, யார் முன்னால் நின்றாரோ அவர்கள் முன்னால், யாரும் கேட்காமல் நீங்களாக எழுந்து சொல்லுங்கள். அதற்குப் பிறகு என்னிடம் எதையும் கேளுங்கள். அதற்கு முன்னால் ஒரு கடிதமும் வேண்டாம்.

மலிகா


திருவொற்றியூர்
10 மே 2025

மலிகா,

நேற்று ஜும்ஆ தொழுகை முடிந்ததும் பள்ளிவாசல் அலுவலகத்துக்குப் போனேன். உன் அத்தாவை வரச் சொல்லிக் காலையிலேயே கடைக்குப் போய்க் கேட்டிருந்தேன். வருவாரா என்று தெரியாது. வந்து பின்பக்கத்தில் உட்கார்ந்தார். மஹீன் மாமாவும் இருந்தார்.

நான் எழுந்து சொன்னேன். மலிகா நிக்காஹ்வுக்கு முன்பே என்னிடம் சொல்லிவிட்டாள், மறைக்கச் சொன்னது நான், இதே அறையில் பொய் சொன்னதும் நான் என்று. முழுவதும் சொல்லி முடித்தேன். மாமா எழுதிக் கொடுத்த புகாரைத் தலைவர் அவரிடமே திருப்பிக் கொடுத்துவிட்டார். மாமா என்னைப் பார்க்காமலே போனார்.

உன் அத்தாவிடம் போய்க் கை நீட்டினேன். அவர் பிடிக்கவில்லை. "இத்த சொல்றதுக்கு ரெண்டு மாசமா மாப்ள?" என்று கேட்டார். அவர் செருப்பைப் போட்டுக்கொண்டு தெருவில் இறங்கினார். நானும் பின்னாலேயே இறங்கினேன். கொஞ்ச தூரம் போய்த் திரும்பிப் பார்த்தார். "வூட்டாண்ட வராத" என்றார். "அவ கூப்புட்டா வா."

நீ கூப்பிடுவாய் என்று நான் நினைத்துக்கொள்ளவில்லை. வேலை முடிந்ததும் உங்கள் தெருப் பக்கம் திரும்பாமல் என் வீட்டுக்குத்தான் போகிறேன்.

ஃபர்ஹான்